வாதி வராமையால் வழக்குத் தள்ளுபடி

உரிமையியல் வழக்கு அழைக்கப்படும்போது வாதி ஆஜராகாததால், அதன் நியாயத்துக்குள் போகாமலே நீதிமன்றம் தள்ளுபடி செய்தல். 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் கட்டளை இதை வகுக்கிறது. இரு தரப்பும் வராவிட்டால் (விதி 3) காலவரம்புக்குள் புதிய வழக்கே போடலாம். பிரதிவாதி வந்து கோரிக்கையை மறுத்து நிற்க, வாதி மட்டும் வராவிட்டால் (விதி 8) நிலைமை கடுமையானது. அதே காரணத்துக்கு மறுவழக்குக் கிடையாது; போதிய காரணம் காட்டி, பழைய வழக்கையே மீண்டும் கோப்பில் எடுக்கும்படி விதி 9இன்கீழ் மீட்பு மனுச் செய்ய வேண்டும். காலவரம்புச் சட்டம் (1963) இதற்குத் தரும் கெடு 30 நாள். கெடு தாண்டினால் தாமதத்தை மன்னிக்கக் கோரி, பிரிவு 5இன்கீழ் இன்னொரு மனு. மீட்பு மனு மறுக்கப்பட்டால் மேல்முறையீடு உண்டு.

தூத்துக்குடி மாவட்டத்துப் பெரியதாழை போன்ற கடற்கரை ஊர்களில் இந்தத் தள்ளுபடி விதி வயிற்றைத் தொடுவது. மீன்பாடு உள்ள நாளில் வாய்தா விழுந்தால் தொழிலா, வழக்கா என்ற கேள்வி எழுகிறது. கட்சிக்காரருக்காக வழக்கறிஞர் ஆஜரானாலே பெரும்பாலும் போதும். அவரும் வராதபோதுதான் இடி விழுகிறது. வழக்கறிஞரின் தவறுக்காகக் குற்றமற்ற கட்சிக்காரர் துன்பப்படக் கூடாது என்று ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் (1981) உச்ச நீதிமன்றம் கூறியது. மேல்முறையீட்டுத் தள்ளுபடி பற்றி எழுந்த அத்தீர்ப்பை மீட்பு மனுக்களிலும் வழக்கறிஞர்கள் எடுத்துக்காட்டுகின்றனர்.