அவை நடுவே ஓர் எழுதுகோல்

'கிளார்க்' என்னும் சொல்லைச் செவியுற்றவுடன் நம் மனக்கண்முன் தோன்றுவது, கோப்புக் கட்டுகளுக்கிடையே குனிந்த தலை நிமிராது எழுதிக்கொண்டிருக்கும் குமாஸ்தாவின் உருவமேயாகும். நம் குடும்பங்கள் பலவற்றுக்குச் சோறிட்ட உத்தியோகம் அது. ஆயினும் அதற்குப் பெருமை கற்பித்தோர் சிலரே. பேசுகிறவரை உலகம் நினைவில் வைக்கிறது. பேசியதைக் காத்துத் தந்தவரை மறந்துவிடுகிறது.

நாடாளுமன்றங்களின் தாய் எனப் பலராலும் அழைக்கப்பெறும் இங்கிலாந்தின் பாராளுமன்றத்தில் இதே பெயர் தாங்கிய பதவி ஒன்று உண்டு. காமன்ஸ் சபை எனப்படும் மக்கள் சபையின் கிளார்க், சபாநாயகரின் ஆசனத்திற்கு முன்னால் இடப்பட்ட மேசையருகே அமர்ந்திருப்பார். அவருக்கு வாக்குரிமை இல்லை. விவாதத்தில் ஒரு சொல்லேனும் பேசும் உரிமை இல்லை. கட்சி இல்லை, தொகுதி இல்லை. எனினும், சபை என்ன முடிவு செய்தது என்பதற்கு இறுதிச் சான்று அவர் ஏட்டிலுள்ள எழுத்தே. மன்னரும் மாவீரரும் அந்த எழுத்தை அஞ்சிய வரலாறு உண்டு. ஏன், அந்தச் சபையே அதனை ஒருமுறை அஞ்சியதும் உண்டு. அவ்வரலாற்றின் மூன்று ஏடுகளை இங்கே புரட்டிப் பார்ப்போம்.

காமன்ஸ் சபைக்குக் கிளார்க்காக அமர்ந்தவர்களுள் நாம் பெயரறிந்த முதல்வர், 1363-ஆம் ஆண்டில் அப்பதவியேற்ற ராபர்ட் டி மெல்ட்டன் என்பவராவார். பதவியின் முறையான பெயரோ 'பாராளுமன்றங்களின் கீழ்க் கிளார்க்' என்பது. பிரபுக்கள் சபையில் இருந்தவர் தலைமைக் கிளார்க். சாமானியரின் சபைக்கு அனுப்பப்பட்டவர் அவருக்கு அடுத்தவர். அவரை நியமிப்பது மன்னரின் ஆணை. அவர் ஊழியம் செய்வதோ சபைக்கு. ஓர் எஜமானர் நியமிக்க, இன்னோர் எஜமானருக்கு உழைக்கும் இந்த நிலையிலேதான் பின்னாளில் எழுந்த சோதனைகள் யாவும் கருக்கொண்டிருந்தன.

1547-ஆம் ஆண்டிலிருந்து சபையின் நடவடிக்கைக் குறிப்பேடு நமக்குக் கிடைக்கிறது. தொடக்கத்தில் அது கிளார்க் தம் பயன் கருதி எழுதிவைத்த சிறு குறிப்பாகவே இருந்தது. எந்த மசோதா எத்தனையாம் முறை வாசிக்கப்பட்டது, யாரிடம் ஒப்படைக்கப்பட்டது என்பன போன்ற செய்திகளே அதில் இருந்தன. நாள் செல்லச் செல்ல, சபை தன் உரிமைகளுக்கு ஆதாரம் தேடுந்தோறும் அந்த ஏட்டையே புரட்டலாயிற்று. 'முன்னர் இவ்வாறு செய்தோம். ஆகவே இன்றும் செய்ய உரிமையுண்டு' என்று வாதிப்பவனுக்கு, முன்னர் செய்தது எழுத்தில் இருக்கவேண்டுமன்றோ? இங்ஙனம் எழுத்தர் ஒருவரின் கைக்குறிப்பு, ஒரு சபையின் உரிமைப் பத்திரமாக உயர்ந்தது. உயர்ந்தவுடனே அதற்குப் பகையும் பிறந்தது.

முதல் ஏடு 1621-ஆம் ஆண்டுக்குரியது. முதலாம் ஜேம்ஸ் மன்னர் அரியணையில் இருந்த காலம். வெளிநாட்டு விவகாரங்களையும் இளவரசரின் திருமணத்தையும் பற்றிப் பேச உங்களுக்கு என்ன அதிகாரம் என்று மன்னர் சீறினார். உங்கள் உரிமைகள் எம் முன்னோர் அருளிய சலுகைகளே என்றும் எழுதியனுப்பினார். அதற்கு விடையாக, டிசம்பர் 18-ஆம் நாள் சபையோர் ஓர் உரிமை முழக்கத்தைத் தங்கள் குறிப்பேட்டில் பதியச் செய்தனர். பாராளுமன்றத்தின் உரிமைகள் மக்களின் பிறப்புரிமை. நாட்டின் எப்பொருள் பற்றியும் சபையில் தடையின்றிப் பேசலாம் என்பதே அதன் சாரம்.

மன்னர் வாதம் புரியவில்லை. குறிப்பேட்டைக் கொண்டுவரச் செய்தார். டிசம்பர் 30-ஆம் நாள், தம் ஆலோசகர்கள் சூழ்ந்திருக்க, அந்த முழக்கம் எழுதப்பட்டிருந்த ஏட்டைத் தம் கையாலேயே கிழித்தெறிந்தார். அடுத்த மாதமே பாராளுமன்றமும் கலைக்கப்பட்டது.

கிழித்ததால் அழிந்ததா? இல்லை. படிகள் வெளியே இருந்தன. ஒரு தலைமுறை கழித்து அவை அச்சேறின. நாம் கருதத்தக்கது என்னவெனில், ஒரு பேரரசர் தம் கையாலேயே கிழிக்குமளவுக்கு அந்தத் தாளில் வலிமை இருந்தது என்பதுதான். பேச்சை மன்னர் பொறுத்துக்கொண்டிருப்பார். பதிவைப் பொறுக்க முடியவில்லை.

இரண்டாம் ஏட்டின் நாயகர் ஜான் ரஷ்வொர்த். 1640 ஏப்ரலில் இவர் உதவிக் கிளார்க்காக அமர்த்தப்பட்டார். சுருக்கெழுத்தில் வல்லவர். அதுவே சபையோருக்கு அச்சமாயிற்று. சபையின் ஆணையின்றி எந்தக் குறிப்பும் எடுக்கலாகாது என்று அவருக்குத் தடை விதித்தனர். இக்காலத்தார்க்கு இது விந்தையாகத் தோன்றலாம். மக்கள் மன்றத்தின் பேச்சை எழுதினால் என்ன கேடு? கேடு உண்டு. உறுப்பினர் ஒருவர் சொன்ன கடுஞ்சொல் எழுத்தாகி மன்னரின் கைக்குப் போனால், சொன்னவர் சிறைக்குப் போவார். அந்நாளில் எழுதாமல் விடுவதே பேச்சுரிமைக்கு வேலி. எனவே சபையின் முடிவை எழுதுவது கிளார்க்கின் கடன். உறுப்பினரின் பேச்சை எழுதாதிருப்பதும் அவர் கடன்.

1642 ஜனவரி 4-ஆம் நாள், ஜேம்ஸின் மைந்தர் முதலாம் சார்லஸ், ஆயுதந்தாங்கிய வீரர்களை வாயிலில் நிறுத்திவிட்டுச் சபைக்குள் நுழைந்தார். பிம், ஹாம்ப்டன், ஹோல்ஸ், ஹேசல்ரிக், ஸ்ட்ரோட் ஆகிய ஐந்து உறுப்பினர்களை இராஜத் துரோகக் குற்றத்திற்காகக் கைது செய்வதே அவர் நோக்கம். அவர்களோ முன்னரே செய்தியறிந்து படகேறித் தப்பியிருந்தனர். சபாநாயகர் லெந்தாலின் ஆசனத்தில் அமர்ந்த மன்னர், அவர்கள் எங்கே என்று வினவினார். லெந்தால் மண்டியிட்டு, இந்தச் சபை எனக்கு எவ்வழி காட்டுகிறதோ அவ்வழியன்றிக் காணக் கண்ணும் பேச நாவும் எனக்கு இவ்விடத்தில் இல்லை என்னும் பொருள்பட விடையிறுத்தார். அவ்விடை உலகப் புகழ் பெற்றுவிட்டது.

ஆனால் அதே வேளையில் மேசையருகே நடந்ததைப் பலர் அறியார். சபையின் அதிகாரபூர்வமான குறிப்பேடு மன்னர் வந்தமர்ந்ததைச் சொல்லி, அவருடைய முதல் வாசகத்தோடு நின்றுவிடுகிறது. அதற்குமேல் எழுதக் கை எழவில்லை போலும். ரஷ்வொர்த்தோ எவர் ஆணையுமின்றி மன்னரின் பேச்சு முழுவதையும் சுருக்கெழுத்தில் எழுதிக்கொண்டிருந்தார். மன்னரின் கண்ணுக்கு அது தப்பவில்லை. அன்று மாலையே ஆளனுப்பி அவரை வரவழைத்து, எழுதியதன் படியைத் தருக என்றார்.

ரஷ்வொர்த்தின் நிலையை எண்ணிப் பாருங்கள். மறுத்தால் மன்னரின் சினம். கொடுத்தால் சபையின் சினம். சபையில் பேசப்பட்டதை மன்னரிடம் சொன்ன ஓர் உறுப்பினரைச் சபையே கோட்டைச் சிறைக்கு அனுப்பிய நிகழ்ச்சியை அவர் பணிவுடன் எடுத்துரைத்தார். மன்னரோ, உறுப்பினர் எவரும் பேசியதை நாம் கேட்கவில்லை, நாம் பேசியதைத்தான் கேட்கிறோம் என்று மடக்கினார். மறுமொழிக்கு இடமில்லை. மன்னர் அறையிலேயே காத்திருக்க, ரஷ்வொர்த் சுருக்கெழுத்தை விரித்தெழுதிக் கொடுத்தார். அப்பேச்சு உடனே அச்சகத்துக்கு அனுப்பப்பட்டது.

இதில் ரஷ்வொர்த் தவறினாரா? சபையின் ஆணையை மீறியே அவர் எழுதினார். மீறாதிருந்தால் அந்நாளின் அப்பேச்சு இத்துணைத் தெளிவாக நமக்குக் கிட்டியிராது. ஆயினும் உறுப்பினர் ஒருவரின் சொல்லையேனும் அவர் மன்னருக்குக் காட்டிக்கொடுத்தாரில்லை. கட்டளைக்கும் மனச்சான்றுக்கும் இடையே ஒரு நூலிழை உண்டு. அதன்மேல் அவர் நடந்தார். அன்று முதல் காமன்ஸ் சபை கூடியிருக்கையில் எந்த மன்னரும் உள்ளே நுழைவதில்லை என்பது மரபாயிற்று.

மூன்றாம் ஏடு இன்னும் நுட்பமானது. உள்நாட்டுப் போர் மூண்டு, 1649-இல் சார்லஸ் மன்னர் சிரச்சேதம் செய்யப்பட்டார். 1653 ஏப்ரல் 20-ஆம் நாள், படைத்தலைவர் ஆலிவர் குரோம்வெல், எஞ்சியிருந்த உறுப்பினர்களையும் படைவீரர்களைக் கொண்டு வெளியேற்றிக் கதவைப் பூட்டினார். அப்போது கிளார்க்காக இருந்தவர் ஹென்றி ஸ்கோபெல். அன்றைய ஏட்டில், இந்நாளில் படைத்தலைவர் இப்பாராளுமன்றத்தைக் கலைத்தார் என்று அவர் ஒரே வரியில் எழுதி வைத்தார்.

குரோம்வெல் மறைந்தபின், 1659-இல் அதே சபையோர் மீண்டும் கூடினர். தங்கள் ஏட்டைப் புரட்டியவர்கள் அந்த வரியைக் கண்டு கொதித்தனர். 1660 ஜனவரியில் ஸ்கோபெல்லை வரவழைத்து, இது யார் எழுத்து என்று கேட்டனர். தம் கையெழுத்தே என்றும், எவரும் சொல்லித் தாம் எழுதவில்லை என்றும் அவர் ஒப்புக்கொண்டார். அவ்வரி பொய்ப் பதிவு என்று தீர்மானித்து, அதனை ஏட்டிலிருந்து நீக்குமாறு சபை ஆணையிட்டது.

இங்கே நியாயம் யார் பக்கம்? வீரர்கள் நுழைந்ததும், உறுப்பினர்கள் வெளியேற்றப்பட்டதும், கதவு பூட்டப்பட்டதும் உண்மை. நடந்ததையே ஸ்கோபெல் எழுதினார். ஆனால் சபையின் வாதமும் எளிதில் தள்ளத்தக்கதன்று. குறிப்பேடு சபை செய்ததைச் சொல்லும் ஏடு. சபை தன்னைக் கலைத்துக்கொள்ளவில்லை, வாளேந்தியவர் துரத்தினார். துரத்தியதைக் 'கலைத்தார்' என்று எழுதினால், வன்முறைக்குச் சட்டத்தின் சட்டையை மாட்டிவிட்டதாகாதா? ஒரே ஒரு வினைச்சொல்லில் ஒரு நாட்டின் சட்டம் தொங்கிக்கொண்டிருந்தது. எழுத்தர் ஒரு சொல்லைத் தேர்வதுகூட எத்துணைப் பெரிய பொறுப்பு என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ?

வேடிக்கை ஒன்றும் இதில் உண்டு. அவ்வரியை நீக்கவேண்டும் என்ற தீர்மானத்தை எழுதும்போது, எந்த வரி என்று சொல்லவேண்டியிருந்ததால், அதனை அப்படியே எடுத்தெழுத நேர்ந்தது. ஆகவே 1653-ஆம் ஆண்டின் ஏட்டில் அழிக்கப்பட்டது, 1660-ஆம் ஆண்டின் ஏட்டில் அழியாமல் நிற்கிறது. தந்தை கிழித்த தாளும் பிழைத்தது. சபை அழித்த வரியும் பிழைத்தது.

ரஷ்வொர்த், தம் காலத்து ஆவணங்களைத் திரட்டி 'வரலாற்றுத் தொகுப்புகள்' என்னும் பெருநூலாக வெளியிடத் தொடங்கினார். முதற்பகுதி 1659-இல் வந்தது. ஜேம்ஸ் கிழித்த உரிமை முழக்கமும் அதில் இடம்பெற்றது. எனினும் அம்மனிதரின் முடிவு துயரமானது. கடனுக்காகச் சிறைப்பட்டு, நினைவாற்றலையும் இழந்து, 1690-இல் சிறையிலேயே அவர் மாண்டார். ஒரு நாட்டின் நினைவைக் காத்தவருக்குத் தம் நினைவைக் காத்துக்கொள்ளக் கொடுத்துவைக்கவில்லை.

இச்சோதனைகளிலிருந்து விளைந்த பாடத்தை நூலாக்கியவர் தாமஸ் எர்ஸ்கின் மே. 1831-இல் தம் பதினாறாம் வயதில் சபையின் நூலகத்தில் உதவியாளராகச் சேர்ந்த இவர், 1844-இல் பாராளுமன்ற நடைமுறை பற்றிய நூலை வெளியிட்டார். 1871 முதல் 1886 வரை கிளார்க்காகவும் இருந்தார். அவருக்குப் பின்னும் தொடர்ந்து திருத்தப்பெற்று வரும் அந்நூலின் இருபத்தைந்தாம் பதிப்பு 2019-இல் வெளிவந்தது. பேசும் உரிமையற்ற ஒருவரின் நூலைத்தான், பேசும் உரிமை பெற்றோர் பல நாடுகளிலும் மேற்கோள் காட்டுகின்றனர்.

கிளார்க் வாய் திறவாமை எந்த அளவுக்குப் போற்றப்பட்டது என்பதற்கு ஒரு சிறு சான்று. புதிய சபாநாயகர் தேர்ந்தெடுக்கப்படும்வரை சபையை நடத்துவோர் வேறெவரும் இல்லாமையால், அப்பொறுப்பு கிளார்க்கையே சார்ந்திருந்தது. அப்போதும் அவர் பேசமாட்டார். எழுந்து நின்று, அடுத்துப் பேசவேண்டிய உறுப்பினரை நோக்கி விரலை மட்டும் நீட்டுவார். 1970-களின் தொடக்கம்வரை இவ்வழக்கம் நீடித்தது.

நம் நாட்டிலும் இப்பாடம் எளிதில் வந்துவிடவில்லை. ஆங்கிலேயர் ஆட்சியில் மத்திய சட்டசபையின் அலுவலர்கள் அரசாங்கத்தின் சட்ட இலாகாவுக்குக் கட்டுப்பட்டவர்களாகவே இருந்தனர். அரசாங்கத்தைக் கேள்வி கேட்கும் சபைக்கு ஆலோசனை கூறுவோரும் அரசாங்கத்தின் ஊழியரே என்றால் நியாயம் எங்கே நிற்கும்? சபைத் தலைவர் விட்டல்பாய் படேல் இதற்காகப் போராடினார். அதன் பயனாக 1929 ஜனவரியில் சபைக்கெனத் தனி அலுவலகம் அமைந்தது. சுதந்திர இந்தியாவின் அரசியல் சட்டமோ, 98-ஆம் விதியின்படி நாடாளுமன்றத்தின் ஒவ்வோர் அவைக்கும் தனிச் செயலகம் உண்டு என்று உறுதி செய்தது. மாநிலச் சட்டமன்றங்களுக்கு 187-ஆம் விதி அதே காப்பைத் தருகிறது. எம். என். கௌல், எஸ். எல். ஷக்தர் ஆகிய மக்களவைச் செயலர்கள் இருவரும் சேர்ந்து எழுதிய நடைமுறை நூல், எர்ஸ்கின் மேயின் நூலைப் போலவே நம் நாட்டில் ஆதார நூலாக விளங்குகிறது.

அரசியல் மாறும், ஆள்வோர் மாறுவர். மாறாதிருக்க வேண்டியது அந்த மேசையின் மீதுள்ள ஏடு. அது ஆளுங்கட்சிக்குரியதும் அன்று, எதிர்க்கட்சிக்குரியதும் அன்று, இன்னும் பிறவாத தலைமுறைக்குரியது. அதில் ஒரு சொல்லைக் கூட்டினாலும் குறைத்தாலும், வழக்காட வழியற்ற அந்தப் பிற்காலத்தாருக்கே அநீதி இழைத்தவராவோம்.

இது நாடாளுமன்றத்துக்கு மட்டும் உரிய செய்தியன்று. நம் ஊர்ச் சங்கத்திலும், பள்ளி நிர்வாகக் குழுவிலும், ஜமாஅத்திலும் ஒரு தீர்மானப் புத்தகம் இருக்கிறது. பேசியவர்களுக்கு மாலை விழும். அதை எழுதியவரின் பெயரைக் கேட்பார் இல்லை. எனினும் இருபதாண்டு கழித்து ஒரு நிலத்தைப் பற்றியோ ஒரு நிதியைப் பற்றியோ வழக்கு எழும்போது, உரத்துப் பேசியவர்களின் குரல் எதுவும் கேட்காது. யாரோ ஒருவர் அஞ்சாமலும் கூட்டாமலும் எழுதிவைத்த நான்கு வரிகளே எழுந்து நின்று சாட்சி சொல்லும்.