வளரும் வயதுக்கென ஒரு பயிற்சி: மந்தைவெளி யோகப் பள்ளியின் முன்வரலாறு

சென்னையில் ராஜா அண்ணாமலைபுரத்தை ஒட்டிய மந்தைவெளியில் இன்று இயங்கிவரும் கிருஷ்ணமாச்சாரியார் யோக மந்திரம், டி.கே.வி. தேசிகாச்சார் தம் தந்தையும் ஆசிரியருமான திருமலை கிருஷ்ணமாச்சாரியாரின் பெயரால் 1976இல் நிறுவியதாகும். நோயாளிகளுக்கான யோகச் சிகிச்சைக்காகவே அது பெரிதும் அறியப்படுகிறது என்றாலும், அம்மரபின் வேர்களுள் முதன்மையானது பதின்பருவச் சிறுவர்களுக்கென நடந்த ஒரு பள்ளியிலேயே இருக்கிறது.

மைசூர் மன்னர் நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் ஆதரவில், 1933இல் ஜகன்மோகன் அரண்மனையில் கிருஷ்ணமாச்சாரியார் தொடங்கிய யோகசாலையில் பயின்றவர்களுள் பெரும்பாலோர் அரச குடும்பத்து உறவினரான சிறுவர்கள். அவர்களுக்கு அவர் கற்பித்தது அசையாமல் கண்மூடி அமரும் யோகம் அன்று; தாவுதலும் வளைதலும் நிறைந்து, ஒவ்வோர் அசைவும் மூச்சின் அளவுக்குக் கட்டுப்பட்டு, ஒரு நிலையிலிருந்து அடுத்த நிலைக்கு அடியடியாகச் செல்லும் ‘வின்யாசம்’ என்னும் முறையாகும். பின்னாளில் யோக ஆசிரியராகப் புகழ்பெற்ற பி.கே.எஸ். ஐயங்கார், நோய்களால் மெலிந்திருந்த நிலையில் 1934இல் பதின்வயதுச் சிறுவனாகவே அவரிடம் வந்து சேர்ந்தார். அவரைப் போலவே யோக ஆசிரியராகப் புகழ்பெற்ற பட்டாபி ஜோயிஸோ அதற்கும் முன்பே, 1927இல், தமது 12ஆம் வயதில் மாணவரானவர்.

யோகசாலை 1950இல் மூடப்பட்டபின் சென்னைக்குக் குடிபெயர்ந்த கிருஷ்ணமாச்சாரியாரிடம் நடுவயதினரும் நோயுற்றோரும் வரத் தொடங்கவே, கற்பிக்கும் முறையும் ஆளுக்கேற்ப மாறியது. வளரும் வயதினருக்குச் சிருஷ்டி கிரமம், இல்லறத்தாருக்கு ஸ்திதி கிரமம், முதியோருக்கு அந்திய கிரமம் என வயதை ஒட்டிப் பயிற்சியைப் பகுக்கும் கொள்கை அவர் மாணவர் வழியே பரவியது. ‘கிரமம்’ என்பது படிமுறை; இவற்றுள் முதலாவது, உடலின் வலிமையையும் மனத்தின் ஒருமுகத்தையும் இயக்கத்தின் வழியே வளர்ப்பது. பதின்பருவத்தைச் சிறிய அளவிலான வளர்ந்தோர் பருவமாகவோ நீண்ட குழந்தைமையாகவோ கருதாமல், தனக்கென ஒரு பயிற்சியைக் கோரும் பருவமாக ஏற்றதே இதன் பெருமை.

மரபு நூல்களும் ஆசிரிய அனுபவமும் தவிர வேறு ஆதாரம் இதற்கு இருந்ததில்லை. எனவே பதின்பருவ மூளையைப் பற்றி நரம்பியல் பின்னாளில் கண்டறிந்ததைக் கிருஷ்ணமாச்சாரியார் முன்னறிந்தார் என்பது மிகையாகும். அமெரிக்க மனநல ஆய்வாளர் ஜே கீட் குழுவினர், ஒரே குழுப் பிள்ளைகளின் மூளையைப் பல ஆண்டுகள் காந்த ஒத்ததிர்வுப் படமெடுத்து 1999இல் வெளியிட்ட ஆய்வில், மூளையின் முன்மடலில் உள்ள சாம்பல் பகுதி ஏறத்தாழ 11, 12 வயதில் உச்சத்தை எட்டிப் பின்னர் குறைகிறது என்பது தெரியவந்தது. பயன்படாத நரம்பிணைப்புகள் கழிக்கப்பட்டு, எஞ்சியவை கொழுப்புறை பெற்று வேகமாகச் செய்தி கடத்தும் இச்சீரமைப்பு, திட்டமிடலையும் தன்னடக்கத்தையும் ஆளும் பகுதியில் இருபதுகளின் நடுப்பகுதிவரை நீள்கிறது. அதே பருவத்தில் உடலின் உறக்கக் கடிகாரமும் பின்தள்ளிப்போவதால், நாளுக்கு 8 முதல் 10 மணிநேர உறக்கம் தேவைப்படும் பிள்ளைக்கு முன்னிரவில் உறக்கம் வருவதில்லை. விடியலுக்கு முன்னே தனிப்பயிற்சி வகுப்புக்கு எழுப்பப்படும்போது உறக்க இழப்பு நாள்தோறும் கூடுகிறது.

இயக்கமும் உறக்கமும் இவ்வளவு தேவைப்படும் இப்பருவத்தில், பத்தாம், பன்னிரண்டாம் வகுப்புகளில் முதலில் பறிக்கப்படுபவை விளையாட்டு நேரமும் உறக்கமுமே. அவ்விரு ஆண்டுகளிலும் இவற்றைக் காப்பதைப் பள்ளிகளும் பெற்றோரும் பாடத்திட்டத்தின் பகுதியாகவே ஏற்க வேண்டும்.