இருநூறு ரூபாய்

ரஃபீக் எதிர் முன்ஷிலால். 1981 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு. ஒரு டீ குடித்து முடிப்பதற்குள் வாசித்துவிடலாம், அவ்வளவு சின்னது. சட்டம் படிக்கிறவர்களைத் தவிர வேறு யாரும் தேடிப் போய் வாசிக்க மாட்டார்கள். எனக்கென்னவோ அதில் சட்டத்தைவிட ஒரு மனிதனின் கதைதான் முதலில் கண்ணில் படுகிறது.

ரஃபீக் தரப்பு அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு போட்டிருந்தது. விசாரணைக்கு எடுத்த அன்று அவர்களுடைய வக்கீல் வரவில்லை. அவர் இல்லாமலேயே மேல்முறையீட்டை முடித்துவிட்டார்கள். விஷயம் காதுக்கு எட்டியதும், உத்தரவைத் திரும்பப் பெற்று எங்கள் பக்கத்தையும் கேளுங்கள் என்று மனு. அதுவும் தள்ளுபடி. மனுவும் பிரமாணப் பத்திரமும் 1980 அக்டோபர் 28 அன்றே தயாராகிவிட்டன. கோர்ட்டுக்கு வந்ததோ நவம்பர் 12. இந்த இரண்டு வாரச் சுணக்கத்துக்குச் சரியான காரணம் சொல்லவில்லை என்றது உயர் நீதிமன்றம். காகிதம் யாரிடம் கிடந்தது? வக்கீலிடம்தான். வராமல் போனதும் வக்கீல், தாமதம் பண்ணினதும் வக்கீல். கேஸ் போனது மட்டும் கட்சிக்காரருக்கு.

இப்போது நடைமுறையில் இருக்கும் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908-ஆம் ஆண்டினுடையது. 1859, 1877, 1882 என்று மூன்று முறை எழுதிப் பார்த்துவிட்டு வெள்ளைக்காரன் நான்காவதாக எழுதியது. அதன் 41-ஆம் கட்டளையில், விதி 17 கதவைச் சாத்துகிறது: கேஸ் கூப்பிடும்போது மேல்முறையீட்டாளர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம். விதி 19 அதே கதவைத் திறக்கிறது: வர முடியாததற்குப் போதுமான காரணம் இருந்தது என்று காட்டினால் மறுபடி கோப்பில் எடுத்துக்கொள்ள வேண்டும், செலவுத்தொகை மாதிரி நிபந்தனைகள் போட்டு. தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள் கெடு. கெடு தாண்டினால் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி இன்னொரு மனு, அதற்கு இன்னொரு பிரமாணப் பத்திரம். 1976-இல் விதி 17-க்குக் கீழே ஒரு விளக்கம் சேர்த்தார்கள். ஆள் வரவில்லை என்பதை வைத்துக்கொண்டு, வழக்கின் நியாய அநியாயத்துக்குள் போய்த் தள்ளுபடி செய்யக் கூடாது என்று. காலி நாற்காலியோடு வாதம் பண்ண முடியாதில்லையா?

சரி, 'மேல்முறையீட்டாளர் வரவில்லை' என்கிறார்களே, யார் வரவில்லை? மேல்முறையீட்டு விசாரணைக்குக் கட்சிக்காரர் போய் நிற்கவேண்டிய அவசியமே பெரும்பாலும் கிடையாது. கீழ்க்கோர்ட் கட்டை வைத்துக்கொண்டு வக்கீல்கள்தான் பேசுவார்கள்.

தீர்ப்பை எழுதிய நீதிபதி டி.ஏ. தேசாய் இந்த இடத்தைத்தான் பிடித்துக்கொண்டார். கிராமத்திலிருந்து வருகிறவர் வக்கீலைத் தேர்ந்தெடுக்கிறார், விவரம் சொல்கிறார், ஃபீஸ் கட்டுகிறார். அதற்குப் பிறகு அவரை நம்பி ஊருக்குப் போவதைத் தவிர அவரால் என்ன செய்ய முடியும்? வக்கீல் ஆஜரானாரா என்று காவல் காக்க அவருக்கு வேலையும் இல்லை, வழியும் இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கே ஒன்று சொன்னார்: அலகாபாத்தில் வக்கீல்களுக்குப் பிடிக்காத பெஞ்ச் உட்கார்ந்தால் வராமல் இருந்துவிடுவது வழக்கமாகிவிட்டதாம். அதைப் பற்றித் தெரியாமல் இருப்பதே எங்களுக்குப் பேரின்பம் என்கிற தொனியில் தேசாய் தாண்டிப் போகிறார். இந்த மாதிரி வரிகளுக்காகவே தீர்ப்புகளை வாசிக்கலாம்.

மேல்முறையீடு மறுபடி கோப்புக்கு வந்தது. அலைந்த எதிர்த்தரப்புக்கு யாராவது செலவு கொடுக்கணுமே. வழக்கமாகக் கட்சிக்காரர் தலையில்தான் கட்டுவார்கள். தேசாய் 200 ரூபாய் என்று போட்டு, வராமல் போன வக்கீலிடமிருந்து வசூலிக்கச் சொன்னார்.

சின்னத் தொகைதான். செலவுத்தொகை என்பதே நம் கோர்ட்டுகளில் பல சமயம் சடங்கு மாதிரி. தோற்றவர் தர வேண்டும் என்பது 35-ஆம் பிரிவின் பொது விதி. ஆனால் கைக்கு வருவது உண்மையில் செலவழித்ததில் ஒரு துளி. பொய் வழக்கு போட்டவர் தர வேண்டிய நஷ்ட ஈட்டுக்கு 1922-இல் வைத்த உச்சவரம்பு 1000 ரூபாய்; 1976-இல் 3000 ஆக்கினார்கள். நம்ம சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றம் இதைப் பேசி, பெயருக்குச் செலவுத்தொகை போடாமல் உண்மையான, நியாயமான செலவைக் கொடுங்கள் என்று சொல்ல வேண்டியிருந்தது.

அதனால் 200 என்கிற எண்ணை விட்டுவிடலாம். அது யார் பையிலிருந்து போக வேண்டும் என்று சொன்னார்களே, அதுதான் விஷயம். ஆனால் அது நிலையான விதியாகவில்லை. 1993-இல் சலீல் தத்தா வழக்கில், வக்கீல் சொன்னதால்தான் விசாரணைக்கு வரவில்லை என்று ஒரு கல்கத்தா கம்பெனி கெஞ்சியபோது, நீங்கள் ஒன்றும் விவரம் தெரியாத கிராமத்தான் இல்லையே என்று உச்ச நீதிமன்றம் கையை விரித்துவிட்டது. வக்கீல் உங்கள் ஏஜென்ட். அவர் செய்தது நீங்கள் செய்தது. ரஃபீக் தீர்ப்பு எல்லாருக்குமான சலுகை கிடையாது. 2000-இல் ராமன் சர்வீசஸ் வழக்கு மறுபடி கொஞ்சம் இந்தப் பக்கம் சாய்ந்தது. ஸ்டிரைக் என்று வக்கீல் வராததால் ஒருதலைப்பட்சத் தீர்ப்பு. அதை ரத்து செய்து, கட்சிக்காரர் கட்டும் செலவுத்தொகையில் பாதியை அவருடைய வக்கீல்களிடமே வாங்கிக்கொள்ளலாம் என்றார்கள். முழுசாக இல்லை, பாதி.

தள்ளுபடியான மேல்முறையீட்டை மீட்கும் பிரமாணப் பத்திரத்தைப் பெரும்பாலும் தயாரிப்பது யார் தெரியுமா? அன்றைக்கு வராத அதே வக்கீலின் ஆபீஸ். குமாஸ்தா ஃபோன் பண்ணுவார்: "ஒண்ணும் பயப்படாதீங்கண்ணே, சின்ன பெட்டிஷன்தான், ஒரு கையெழுத்து போட்டுட்டுப் போயிடுங்க." அண்ணன் பஸ் ஏறி வந்து, தான் ஏன் அன்றைக்கு ஆஜராக முடியவில்லை என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போடுவார்.