கொண்டை ஊசி

கொண்டை ஊசி என்பது கூந்தலில் செருகப்படும், இரண்டாக வளைந்த கம்பியாகும். இதன் ஆங்கிலப் பெயரான ஹேர்பின் என்பதைப் போலவே, இச்சொல்லும் வடிவ ஒப்புமையால் வேறு பொருள்களை ஏற்றுள்ளது.

மலைச்சாலையில் ஏறக்குறைய 180 பாகை திரும்பும் வளைவு கொண்டை ஊசி வளைவு எனப்படும். நாமக்கல் மாவட்டத்தில் காரவள்ளியிலிருந்து கொல்லிமலைக்கு ஏறும் சாலையில் இத்தகைய வளைவுகள் 70 உள்ளன. வால்பாறைச் சாலையில் 40. செங்குத்தான சரிவில் சாலையை மடித்து நீட்டுவதால் சாய்வு குறையும், தொலைவு கூடும். இரு வாகனங்கள் ஒருங்கே செல்ல இடம் போதாதபோது, இறங்கும் வாகனம் ஏறும் வாகனத்துக்கு வழிவிட வேண்டும் என்பது விதி. ஏற்றத்தில் நின்ற வண்டியை மீண்டும் கிளப்புவது கடினம். இன்று இச்சொல் கூந்தலைவிடச் சாலைக்கே மிகுதியாக வழங்குகிறது எனலாம்.

மூலக்கூற்று உயிரியலில், ஆர்.என்.ஏ. இழை தன்மீதே மடிந்து இணைசேரும் அமைப்பும் இப்பெயர் பெறும்.