கட்டுமரம் போருக்குப் போன கதை

திண்டுக்கல்லிலிருந்து நத்தம் செல்லும் சாலையில் இருக்கிறது சாணார்பட்டி. கடலுக்கும் அந்த ஊருக்கும் வெகு தூரம். ஆனாலும் அவ்வூர் அன்பர் ஒருவர் போர்க்கப்பலைப் பற்றிச் சந்தேகம் கேட்டு எழுதியிருக்கிறார். ‘கட்டமரான்’ என்று மேல்நாட்டார் சொல்லும் கப்பல் நமது கட்டுமரந்தானா? சோழர்கள் கடாரம் வென்றதும் அதில் ஏறித்தானா?

முதற் கேள்விக்கு, சொல் நம்முடையதுதான் என்பது பதில். இரண்டாவதற்கு, இல்லை என்பதே பதில்.

மரங்களைச் சேர்த்துக் கட்டினால் கட்டுமரம். கரை திரும்பியதும் பரதவர் கட்டை அவிழ்த்து, மரங்களை மணலில் உலர்த்திவிடுவார்கள். சோழமண்டலக் கரையில் வழங்கிய இந்தப் பெயரை ஆங்கில மாலுமி வில்லியம் டாம்பியர் 1697-இல் வெளிவந்த தம் பயண நூலில் எழுதினார்.

அந்தச் சொல் போர்க்களம் புகுந்தது 1804-இல். இங்கிலாந்தின் மீது படையெடுக்க நெப்போலியன் பூலோன் துறைமுகத்தில் படகுகளைத் திரட்டியிருந்தான். அவற்றைத் தகர்க்க, ராபர்ட் புல்டன் என்ற அமெரிக்கர் ஆங்கிலேயருக்கு ஒரு தந்திரம் செய்து கொடுத்தார். ஈயத்தகடு வேய்ந்த நீண்ட மரப்பெட்டிகள். உள்ளே வெடிமருந்தும் கடிகாரப் பொறியும். நீர்மட்டத்தோடு தாழ மிதந்த அவற்றுக்கு வழங்கிய பெயர்தான் ‘கட்டமரான்’! அக்டோபர் 2-ஆம் தேதி இரவு அவற்றை ஏவினார்கள். சத்தம் பெரிது, சேதம் சொற்பம்.

அதே புல்டன் 1814-இல் நியூயார்க்கில் நீராவிப் போர்க்கப்பல் ஒன்றை உருவாக்கினார். அதற்கு இரண்டு உடல்கள். நடுவே துடுப்புச் சக்கரம். பிற்காலத்தில் இத்தகைய இரட்டை உடல் கலங்களுக்கே ‘கட்டமரான்’ என்ற பெயர் நிலைத்துவிட்டது. 2004-இல் சீனா அந்த அமைப்பில் ஏவுகணைப் படகை மிதக்கவிட்டது. 2012-இல் நமது கடற்படையில் சேர்ந்த ‘மகர்’ என்ற கடலளவைக் கப்பலும் அதே அமைப்புத்தான். ஆனால், நமது கட்டுமரத்துக்கு ஏது இரண்டு உடல்? பெயர் போயிற்று, பொருள் மாறிற்று.

சோழர் சங்கதிக்கு வருவோம். 1025-ஆம் ஆண்டுக் கடாரப் படையெடுப்பைப் புகழும் ராஜேந்திரனின் மெய்க்கீர்த்தி ‘கலம்’ என்கிறதே தவிர, கட்டுமரம் என்று சொல்லவில்லை. பெரும்படை சென்றது பெருங்கலங்களில். கட்டுமரம் மீன் பிடிக்கும் ஏழையின் சொத்து.

எனக்கு வியப்பளிப்பதும் இதுதான். வேந்தனின் ‘கலம்’ கல்வெட்டிலே தங்கிவிட்டது. மெய்க்கீர்த்தியில் இடம் பெறாத பரதவனின் சொல்லோ உலகக் கடற்படைகளின் அகராதியில் ஏறி உட்கார்ந்துகொண்டது! ஆனால் அவனுடைய கட்டுமரத்தின் கதி என்ன? 2004 ஆழிப்பேரலைக்குப் பின் நம் கரையெங்கும் கண்ணாடியிழைப் படகுகள் பெருகின, கட்டுமரம் அருகிவிட்டது.

சாணார்பட்டி அன்பரே! உங்கள் பக்கத்துக் கிணற்றிலே வாழைமரத் துண்டுகளைக் கயிற்றால் கட்டி நீச்சல் பழகும் சிறுவர்களைப் பார்த்திருப்பீர்களே? போர்க்கப்பலை விட அதுதான் கட்டுமரத்துக்கு நெருங்கிய உறவு.