சொற்களால் ஓர் ஈமக்கடன்

ஆவணங்களைக் கொண்டே வரலாறு எழுதப்படுகிறது. ஆவணம் ஏதும் எஞ்சாமல் அழிக்கப்பட்ட ஒரு குடும்பத்தின் வரலாற்றை எவ்வாறு எழுதுவது? கம்போடிய ஆவணப்பட இயக்குநர் ரித்தி பான் நெடுங்காலம் எதிர்கொண்ட வினா இது.

அவர் 1964இல் புனோம் பென் நகரில் பிறந்தவர். தந்தை உழவர் குடியில் தோன்றிக் கல்வித்துறையில் உயர்பொறுப்பு வகித்தவர். 1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் படையினர் தலைநகரைக் கைப்பற்றினர். நகர மக்கள் அனைவரும் நாட்டுப்புறங்களுக்கு விரட்டப்பட்டனர். பணம் ஒழிக்கப்பட்டது, பள்ளிகள் மூடப்பட்டன, எல்லோருக்கும் கறுப்பு உடையே விதியாயிற்று. 1979 ஜனவரியில் அவ்வாட்சி வீழ்வதற்குள் ஏறத்தாழ 17 இலட்சம் மக்கள் பட்டினிக்கும் நோய்க்கும் கடும் உழைப்புக்கும் கொலைக்கும் இரையாயினர். பெற்றோரையும் உறவினர் பலரையும் இழந்த அச்சிறுவர் தாய்லாந்து அகதி முகாமை அடைந்து, பின்னர் பாரிசு சென்று திரைக்கலை பயின்றார்.

‘காணாமற்போன படிமம்’ என்று பொருள்படும் பிரெஞ்சுத் தலைப்புடன் அவர் உருவாக்கிய படம் 2013இல் வெளிவந்தது. அக்கொடுங்காலத்தின் திரைச்சுருள்கள் கிடைக்காமல் இல்லை. ஆயின் அவை ஆட்சியாளர் தம் புகழுக்காக எடுத்தவை. அணிவகுத்து மண் சுமப்போர் அவற்றில் உண்டு. பசியால் மாண்ட குழந்தைகள் இல்லை. எனவே அவர் களிமண்ணை நாடினார். சரித் மாங் என்னும் கலைஞர் வனைந்து வண்ணம் தீட்டிய சிறு பாவைகள் குடும்பத்தாராயின. அவை அசைவதில்லை, ஒளிப்படக்கருவியே அவற்றினிடையே நகர்கிறது. நடந்ததை அவ்வாறே காட்டுவதாகப் படம் பாசாங்கு செய்வதில்லை என்பதே அதன் நேர்மை. கேன் திரைவிழாவில் அதற்குப் பரிசும் கிடைத்தது.

படத்தின் நடுவே நிற்பது தந்தையின் மரணம். மனிதர்க்குரியதல்லாத உணவை இனி ஏற்பதில்லை என்று அவர் உண்ண மறுத்தார். அவ்வாறே உயிர் நீத்தார். உரிய சடங்கின்றி உடல் கொண்டுபோகப்பட்டது. அன்றிரவு தாயார், கற்றறிந்த ஆசிரியர் ஒருவருக்கு எத்தகைய இறுதிக் கடன்கள் நிகழ்ந்திருக்க வேண்டும் என்பதை மக்களுக்கு விரித்துரைத்தார். மலர் இல்லை, துறவியரின் ஓதல் இல்லை. தாயின் சொற்களே ஈமச்சடங்காயின.

அவர் கலையின் வேரை அவ்விரவிலே காணலாம். தாய் சொற்களால் செய்ததை மகன் மண்ணால் செய்தார். இழந்த படிமம் மீண்டும் கிட்டாது. அது இருந்திருக்க வேண்டிய இடத்தைக் காட்ட முடியும். கவிதையின் பணியும் இதற்கு அயலானதன்று.

2006இல் புனோம் பென் நகரில் அவர் முயற்சியால் போபனா ஆவண மையம் திறக்கப்பட்டது. சிறையில் கொல்லப்பட்ட இளம்பெண் ஒருத்தியின் பெயர் அது. சிதறிக் கிடந்த திரைச்சுருள்களும் ஒலிப்பதிவுகளும் நிழற்படங்களும் அங்கே திரட்டப்பட்டுப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. தம் வீட்டாரின் முகங்களைத் தேடிச் சென்ற ஒருவர், பிறர் தம் முன்னோரைத் தேடிவரவும் ஓர் இடம் அமைத்துத் தந்தார்.