தலித்

பெயர்ச்சொல். மராத்தி வழியாகத் தமிழுக்கு வந்தது. பிளத்தல், உடைதல் எனப் பொருள்படும் 'தல்' என்ற வடமொழி வினையடியிலிருந்து பிறந்தது. நேர்ப்பொருள்: நொறுக்கப்பட்டவர். தீண்டத்தகாதவர் என ஒதுக்கப்பட்ட சாதியினரைக் குறிக்கும்.

1972இல் பம்பாயில் நாம்தேவ் தசால் உள்ளிட்ட இளம் எழுத்தாளர்கள் தொடங்கிய தலித் பேந்தர்ஸ் இயக்கம் இச்சொல்லை அரசியல் பெயராக்கியது. மறு ஆண்டு வெளியான அதன் அறிக்கை, நிலமற்ற உழவர், தொழிலாளர், பெண்கள் ஆகியோரையும் இதற்குள் சேர்த்தது. தமிழில் 1990களில், அம்பேத்கர் நூற்றாண்டை ஒட்டி இது பரவியது. தமிழ்நாட்டு அரசு ஆவணங்களில் 'ஆதிதிராவிடர்' என்ற சொல்லே தொடர்கிறது.

இழிவைச் சொல்லும் பெயரை ஒருவர் ஏன் விரும்பி ஏற்கிறார்? சமூக உளவியலாளர்கள் ஹென்றி தாஜ்ஃபெல், ஜான் டர்னர் 1979இல் விரித்துரைத்த சமூக அடையாளக் கோட்பாடு இதற்கு விடை தருகிறது. நம் தன்மதிப்பில் ஒரு பங்கு நாம் சார்ந்த குழுவிலிருந்து வருகிறது. குழு தாழ்த்தப்பட்டால், தனியாளாக அதைவிட்டு வெளியேறலாம். அதன் அடையாளத்துக்குப் புதுப்பொருள் தரலாம். மேலிருப்பவரோடு நேரடியாக மோதலாம். சாதியோ பிறப்பால் வருவது. வெளியேறும் கதவு ஏறக்குறைய அடைபட்டது. அந்நிலை அநியாயமானது, மாற்றத்தக்கது என்ற எண்ணம் வலுக்கும்போது மக்கள் கூட்டாக எழுந்து, இழிவின் பெயருக்கே புதுப்பொருள் தருகிறார்கள்.

இம்மக்களைக் குறிக்கக் காந்தி பரப்பிய 'ஹரிஜன்' பிறர் சூட்டிய பெயர். 'தலித்' தாமே தேர்ந்துகொண்டது. நொறுக்கியவர் யார் என்றும் கேட்பது.